புகழ்பெற்ற அமெரிக்க டிவி நகைச்சுவைத் தொடரான 'ஐ லவ் லூசி'க்கு முன்பே அப்படி ஒரு தொடரில், அதாவது சிட்காமில், நடித்த மேரி கே ஸ்டெர்ன்ஸை ஏன் யாருக்கும் தெரியவில்லை?

அவர் நடித்ததில் பெரும்பகுதி இன்று எந்த ஃபிலிமிலும் இல்லை, அதனால்தான். ரசிகர்களுக்குப் பஞ்சமில்லை.

அமெரிக்கத் தொலைக்காட்சியின் முதல் சிட்காமான 'மேரி கே அண்ட் ஜானி', 1947 நவம்பர் 18 அன்று டுமான்ட் நெட்வொர்க்கில் தொடங்கியது. முதலில் 15 நிமிடம்தான், அதுவும் நேரலை. எழுதியது கணவர் ஜானி. நியூயார்க்கில் குடியிருக்கும் இளம் தம்பதியாக இருவரும் சொந்தப் பெயரிலேயே நடித்தார்கள். நிஜத் தம்பதி என்பதால் ஒரே கட்டிலில் படுப்பதைக் காட்டவும் முடிந்தது.

எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்று தெரிந்துகொள்ள விளம்பரதாரரான அனாசின் மாத்திரைக் கம்பெனி ஒரு வேலை செய்தது. முதலில் கடிதம் போடும் 200 பேருக்கு முகம் பார்க்கும் கண்ணாடி இலவசம் என்று அறிவித்து, எதற்கும் இருக்கட்டும் என்று இன்னொரு 200 வாங்கி வைத்தது. வந்தவை 8,960 கடிதங்கள்!

1948இல் மேரி கே கர்ப்பமானார். மறைக்கப் பார்த்து, முடியாமல் கதையிலேயே சேர்த்துவிட்டார்கள். டிசம்பர் 19 அன்று பிறந்த மகன், இரண்டு வாரம் ஆவதற்குள் நிகழ்ச்சியில் தோன்றினான். 'ஐ லவ் லூசி'யில் லூசியின் கர்ப்பம் திரைக்கு வந்தது 1952இல்.

இனி ஃபிலிம் விஷயம். அன்று வீடியோ டேப் கிடையாது. பதிவு வேண்டுமானால் டிவி திரையில் ஓடும் படத்தை 16 மி.மீ. கேமராவால் எடுக்க வேண்டும், அதுதான் கினஸ்கோப். டிவியில் நொடிக்கு 30 படம், ஃபிலிமில் 24. எனவே ஒரு ஃபிலிம் கட்டத்துக்கான 1/24 நொடியில் கேமரா ஷட்டர் 1/30 நொடி திறந்திருந்து, மிச்சமுள்ள 1/120 நொடியில் ஃபிலிமை அடுத்த கட்டத்துக்கு இழுத்தாக வேண்டும். அந்தக் கணக்கு இம்மி பிசகினாலும் படத்தின் குறுக்கே பட்டை விழும். இவ்வளவு செலவு, இவ்வளவு தொல்லை. ஆரம்ப எபிசோடுகளை யாரும் பதிவே செய்யவில்லை. டுமான்ட் காப்பகத்தைப் பின்னாளில் குப்பையில் போட்டதால்தான் போயிற்று என்பார்கள். இவர் விஷயத்தில் போடுவதற்கே அதிகம் இருந்திருக்காது.

'ஐ லவ் லூசி'யை 1951 முதலே 35 மி.மீ. ஃபிலிமில் எடுத்தார்கள். மறுஒளிபரப்பு, புகழ் எல்லாம் அதனால் வந்தவை.

என்பிசி, சிபிஎஸ், மறுபடி என்பிசி என்று மாறி, 1950 மார்ச் 11 அன்று 'மேரி கே அண்ட் ஜானி' முடிந்தது. மேரி கே 2018இல், 93 வயதில் காலமானார். 1949ஆம் ஆண்டு எபிசோட் ஒன்று பழைய டிவி நிகழ்ச்சிகளைப் பாதுகாக்கும் நியூயார்க் பேலி சென்டரில் இருக்கிறது.