தாமஸ் சாட்டர்டன் வெறும் மோசடிக்காரன்தானே, அவனை ஏன் கவிஞன் என்கிறார்கள்?

இப்படிக் கேட்டவர் ஆங்கில இலக்கியம் படிக்கிறவர் போலிருக்கிறது. பாடத்தில் இரண்டு வரியில் கடந்திருப்பார்கள். நான் அப்படிக் கடக்க முடியாது, ஏனென்றால் அதே வேலையை நானும் செய்திருக்கிறேன்.

பத்தாம் வகுப்பில் ஒரு வெண்பா எழுதினேன். தாளை டீத்தண்ணீரில் நனைத்துக் காயவைத்து, தாத்தாவின் பெட்டியில் கிடைத்தது என்று தமிழய்யாவிடம் கொடுத்தேன். "அந்தக் காலத்து ஆள் கை வேறப்பா" என்று மற்ற ஆசிரியர்களுக்கெல்லாம் வாசித்துக் காட்டினார். மூன்று நாள்தான் தாங்கினேன், பெருமை பொறுக்காமல் உண்மையைச் சொல்லிவிட்டேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு அதே தாளை மறுபடி பார்த்தார். "மூணாவது அடியில தளை தட்டுதே."

சாட்டர்டன் 1752இல் பிரிஸ்டலில் பிறந்தவன். பிறக்கும் முன்பே அப்பா போய்விட்டார். செயின்ட் மேரி ரெட்க்ளிஃப் தேவாலயத்துப் பெட்டிகளிலிருந்து வந்த பழைய தோல்தாள்கள் வீட்டில் கிடந்தன. வக்கீல் ஆபீசில் பத்திரம் நகலெடுக்கும் பையனாகச் சேர்ந்தவன், பழைய அகராதிகளிலிருந்து சொல் பொறுக்கி, 15ஆம் நூற்றாண்டில் தாமஸ் ரௌலி என்ற பாதிரியார் பாடியதாகக் கவிதைகளை எழுதிக் குவித்தான். ஒரு கட்டத்தில், 1066இல் இங்கிலாந்தில் நடந்த ஹேஸ்டிங்ஸ் போரைப் பற்றிய பாட்டை நானே எழுதினேன் என்று பாரெட் என்ற மருத்துவரிடம் ஒப்புக்கொண்டான். அவரோ பழைய மூலத்தைக் கொண்டுவா என்று நச்சரித்தார். சரி என்று இன்னொன்றை எழுதி நீட்டினான். இதில் யார் யாரை ஏமாற்றியது?

பொய் பொய்தானே என்று கீழே எழுத ஒருவர் வருவார். நான் மறுக்கவில்லை. ஆனால் 1769இல் இவன் எழுதியனுப்பியதற்கு முதலில் குழைந்து பதில் போட்டுவிட்டு, ஏழைப் பையன், சந்தேகமான சரக்கு என்று தெரிந்ததும் ஒழுங்காக வக்கீல் தொழிலைப் பார் என்று சொன்ன ஹொரேஸ் வால்போல் யார்? 1764இல் தன் நாவலையே பழைய இத்தாலியப் புத்தகத்தின் மொழிபெயர்ப்பு என்று சொல்லி வெளியிட்டவர். பிரபுவுக்கு அது விளையாட்டு. (எவனோ எழுதியதன் கீழே பாரதியார் என்று போட்டு வாட்ஸ்அப்பில் அனுப்பும் என் மைத்துனரையும் யாரும் மோசடிக்காரர் என்பதில்லை. கேட்ட நான்தான் குடும்பக் குழுவிலிருந்து வெளியேற வேண்டியதாயிற்று.)

1770 ஆகஸ்டில் லண்டனில் ஒரு வாடகை அறையில் ஆர்சனிக் உள்ளே போய் இறந்தான். தற்கொலை என்பவர்கள் அதிகம், மருந்து அளவு மீறியது என்பவர்களும் உண்டு. வயது 17. ரௌலி கவிதைகள் 1777இல்தான் புத்தகமாயின. பின்னால் ஆங்கிலக் கவிஞர் கீட்ஸ் தன் 'எண்டிமியன்' காவியத்தை இவனுக்குத்தான் காணிக்கையாக்கினார்.

வால்போலிடமிருந்து தாள்களைத் திரும்ப வாங்கவே அவன் பலமுறை கடிதம் போட வேண்டியிருந்தது. எங்கள் ஐயா என் தாளைத் தரவே இல்லை. முதல் இரண்டடிதான் இப்போது நினைவிருக்கிறது, அதில் தளை சரியாகவே இருக்கிறது.