கதைக்குள் ஒரு மந்திரச் சுவடி: வாசகர் கேள்விகள்

கேள்வி: நான் எழுதும் மாயாஜால நாவலில், 3000 வருஷத்துக்கு முந்தைய மந்திர ஓலைச்சுவடி ஒன்று நாயகியின் கைக்கு வருகிறது. படித்தவர்கள் "சுவடி மட்டும் நம்பும்படி இல்லை" என்கிறார்கள். என்ன குறை?

பதில்: வயதுதான். வெயிலும் ஈரமும் மாறி மாறி அடிக்கும் ஊரில் பனையோலை 300, 400 வருஷம் தாங்கினாலே பெரிது. நேபாளக் குளிரில் 1000 ஆண்டைத் தாண்டிய ஓலைகள் உண்டு. உங்கள் கற்பனை நாடும் பனிமலை நாடு என்றால் அதைச் சொல்லிவிடுங்கள். இல்லையென்றால் நூலுக்கு 3000 வயது இருக்கட்டும், நாயகி பிரிக்கும் ஓலைக்கு 200 போதும். நடுவில் பத்துப் பன்னிரண்டு பேராவது அதைப் பெயர்த்தெழுதியிருப்பார்கள். கதைக்கு இது லாபம். அவர்களில் ஒருவர் ஒரு பாட்டை வேண்டுமென்றே விட்டிருக்கலாம்.

கடைசி ஓலையில் எழுதியவர் பெயரும், முடித்த வருஷம், மாதம், கிழமை, நட்சத்திரமும் இருப்பது வழக்கம். நம் சுவடிகளில் வெறுமனே ‘பிரபவ’ என்றிருந்தால் அது 1867ஆ, 1927ஆ என்று திண்டாட வேண்டும், ஆண்டுப் பெயர்கள் 60 வருஷத்துக்கு ஒருமுறை திரும்பி வருவதால். உங்கள் நாட்டுக்கும் இப்படிச் சுழலும் ஆண்டுக்கணக்கு ஒன்று வையுங்கள். சுவடியை எழுதியது பாட்டனா பேரனா என்ற குழப்பம் தானாகவே கிடைக்கும்.

கேள்வி: மந்திரத்தைத் தவறாகப் படித்ததால் விபரீதம் நடக்க வேண்டும். உச்சரிப்புப் பிழை என்று வைத்தால் சப்பென்று இருக்கிறது.

பதில்: பிழையை எழுத்திலேயே வையுங்கள். ஆணிமுனை ஓலையைப் பொத்துவிடும் என்பதால் மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்காமல் எழுதினார்கள். எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் வடிவ வேறுபாடு இல்லை. இன்றைய இரட்டைச்சுழிக் கொம்பு வீரமாமுனிவரின் சீர்திருத்தத்தால் வந்தது. துணைக்காலும் (ா) ரகரமும் ஒரே கோடு. சொல்லுக்குச் சொல் இடைவெளியும் கிடையாது.

ஆகவே ‘எரி எழும்’, ‘ஏரி எழும்’ இரண்டும் ஓலையில் ஒன்றுபோலவே தெரியும். நாயகி நெருப்பை அழைக்க, ஊரேரி கரையை உடைத்துக்கொண்டு வரட்டும். ‘பாவை’யும் ‘பரவை’யும் அப்படித்தான்: பொம்மைக்கு உயிரூட்டப் போனவர் கடலை எழுப்பிவிடுவார். சரியான சொல்லைக் கண்டுபிடிக்கவும் வழி இருக்கிறது. யாப்பின் அசைக்கணக்கில் பாவை தேமா (நேர் நேர்), பரவை புளிமா (நிரை நேர்). மந்திரம் வெண்பாவாக இருந்தால் தவறான சொல்லில் தளை, அதாவது சீருக்குச் சீர் இருக்கவேண்டிய இணைப்பு, தட்டும். யாப்பு தெரிந்த ஒரு கிழவரைக் கதையில் வைத்தால், அவர் விரல்விட்டு எண்ணியே ஊரைக் காப்பாற்றுவார். சுவடிப் பதிப்பாசிரியர்கள் நிஜமாகவே கையாளும் முறை இது.

இன்னொன்று, சேதம். பல கதைகளில் முக்கியமான சொல் மட்டும் கச்சிதமாக அழிந்திருக்கும், அது உறுத்துகிறது. இராமபாணப் பூச்சி ஓலைக்கட்டினை மேலிருந்து கீழாகத் துளைத்துக்கொண்டு போகும். அடுத்தடுத்த ஓலைகளில் ஏறத்தாழ ஒரே இடத்தில் ஓட்டை விழும். ஆறு ஓலைகளிலும் மூன்றாம் வரியின் நடுவில் ஓரிரண்டு எழுத்து போனதாக எழுதிப் பாருங்கள். முதல் ஓலையும் கடைசி ஓலையும்தான் சீக்கிரம் உடைந்து தொலையும்; நூலின் பெயர் தெரியாமல் போவது அதனால்தான்.

கேள்வி: 1000 வெண்பா கொண்ட சுவடி எத்தனை ஓலை வரும்?

பதில்: 40 செ.மீ. ஓலையில் ஓரமும் துளையும் போக 32 செ.மீ. மிஞ்சும். எழுத்துக்கு அரை செ.மீ. என்றால் வரிக்கு 64 எழுத்து. பக்கத்துக்கு 6 வரி, இரண்டு பக்கமும் எழுத்து. வெண்பாவுக்குச் சுமார் 60 எழுத்து என்று வைத்தால் சுமார் 80 ஓலை வரும். ஓலை எண்ணில் பூஜ்யம் வேண்டாம்: 23 என்பது ௨௰௩.

கேள்வி: சுவடிக்குப் புது எழுத்துமுறை உருவாக்குகிறேன். எதைக் கவனிக்க வேண்டும்?

பதில்: ஓலை என்றால் வளைவான எழுத்து, நார்ப்போக்கில் இழுத்த நீண்ட கிடைக்கோடு ஓலையைக் கிழிக்கும். ஒலிக்கு ஒரு குறி என்றால் 20 முதல் 40 குறிகள், அசைக்கு ஒன்று என்றால் 50க்கு மேல். சில சொற்கள் அடிக்கடி திரும்ப வரவேண்டும், இல்லாவிட்டால் வெறும் கிறுக்கலாகத் தெரியும். யேல் பல்கலைக்கழகத்தில் இருக்கும், இன்றுவரை யாராலும் படிக்க முடியாத வாய்னிச் கையெழுத்துப்படியில்கூடச் சொற்கள் அப்படித் திரும்ப வருகின்றன. அதன் தோல் 1404–1438 காலத்தது என்று கார்பன் கணிப்பு சொல்கிறது.

கேள்வி: எங்கள் நாடகத்துக்கு ஒரு சுவடி செய்யவேண்டும். எப்படி?

பதில்: குருத்தும் முற்றலும் இல்லாத நடுப்பருவப் பனையோலை எடுங்கள். ஈர்க்கை நீக்கி, 3 செ.மீ. அகலத்தில் வாரி, மஞ்சள் கலந்த தண்ணீரில் வளைந்துகொடுக்கும்வரை வேகவைத்து, நிழலில் உலர்த்துங்கள். வெயிலில் போட்டால் சுருண்டு நொறுங்கும். பிறகு பலகைக்கடியில் பாரம் வைத்து, சங்கால் தேய்த்து வழவழப்பாக்குங்கள். இரு முனையிலிருந்தும் கால் பங்கு தள்ளிச் சுட்ட கம்பியால் துளையிட்டபின் எழுதத் தொடங்குங்கள். முதலில் எழுதிவிட்டால் துளை எழுத்தைத் தின்னும்.

எழுதும்போது ஆணியை அதிகம் நகர்த்தாமல் இடதுகையால் ஓலையை நகர்த்த வேண்டும். கீறல் முதலில் கண்ணுக்குத் தெரியாது. விளக்குக்கரியை எண்ணெயில் கெட்டியாகக் குழைத்துத் தடவித் துணியால் துடைத்தால் எழுத்து கறுத்து நிற்கும். எண்ணெய் கூடினால் ஓலை முழுக்கக் கறைபடும்.

ஒரு துளையில் கயிறு, மற்றதில் நாராசம் என்னும் கம்பி, மேலும் கீழும் மரச்சட்டம். கயிற்றின் நுனியில் ஓலைத்துண்டைக் கிளிமூக்குப்போல வெட்டிக் கட்டினால் கோக்கச் சுலபம். கயிற்றை இறுக்காதீர்கள், மேடையில் அவசரமாகப் பிரிக்கும்போது ஓலை துளையோடு கிழியும். வீட்டில் பழைய சுவடி இருந்தாலும் அதை மேடைக்குக் கொண்டுபோகவே வேண்டாம். எலுமிச்சைப்புல் எண்ணெய் தடவித் துணியில் சுற்றி வையுங்கள்.