கூத்தில் அண்ணாவியார் என்பவர் யார்? நடித்தவரே ஏன் பழக்குபவராகவும் இருக்கிறார்?

கூத்தைப் பழக்கி, மேடையேற்றி, ஆடும் இரவில் பக்கத்தில் நின்று நடத்துபவர்தான் அண்ணாவியார். இலங்கையின் வடக்கே வன்னியில், குறிப்பாக முல்லைத்தீவுப் பக்கம், கோவலன் கூத்து என்றதும் பேச்சு அவரில்தான் போய் நிற்கும். வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் மேல் அங்குள்ளவர்களுக்கு இருக்கும் பற்றும் அந்தக் கூத்து அங்கே இவ்வளவு பேசப்பட ஒரு காரணம்.

அவர் பெரும்பாலும் பழைய நடிகர். இளவயதில் பெண் வேடம் கட்டியிருப்பார் (முன்பு கண்ணகிக்கும் ஆண்கள்தான் ஆடினார்கள்), அப்புறம் அரச வேடம். கூத்தை எழுதி வைத்திருக்கும் கொப்பியில் பாட்டின் வரிகள் இருக்கும், சரி. ஆனால் எந்தச் சொல்லை எவ்வளவு இழுப்பது, எந்த அடியில் கால் திரும்புவது என்பதெல்லாம் அதில் இராது. அது ஆடியவரின் உடம்பில்தான் இருக்கிறது. மேசனுக்குக் கையாளாகப் போகும் பெடியன் பக்கத்தில் நின்று பார்த்தே சாந்து பூசப் பழகுவதுபோலத்தான் இதுவும்.

சிலம்பு விற்கப் புறப்படும் கோவலன் பாட்டின் நடுவே தடுமாறினால், அண்ணாவியார் அடுத்த சொல்லை எடுத்துக் கொடுப்பார். பிற்பாட்டுக்காரர் அதைப் பிடித்துக்கொள்வார்கள், மத்தளம் நிற்காது. சபைக்குத் தெரியவே வராது. என்னைக் கேட்டால், நடிப்பதைவிட இதுதான் கஷ்டம்.

பலர் அவரை நாடக டைரக்டர் என்று நினைக்கிறார்கள். டைரக்டரின் வேலை பெரும்பாலும் ஒத்திகையோடு முடிந்துவிடும். அண்ணாவியாரோ விடியும்வரை சபைக்கு முன்னால் தாளத்தோடு நிற்பார்.