"மனுவ பரிசீலிங்க"ன்னு ஹைகோர்ட் ஆர்டர் வந்தாச்சு, இனி என்னங்க பண்றது?

கோபிசெட்டிபாளையம் பக்கத்துல இருந்து ஒரு அண்ணா கேட்டிருக்காருங்க. தோட்டத்துக்குப் போற இட்டேரில, அதாவது ரெண்டு பக்கமும் வேலி இருக்கற வண்டித்தடத்துல, பக்கத்து தோட்டத்துக்காரரு கிளுவை வேலிய புடுங்கிப்போட்டு கல்லு நட்டு கம்பி கட்டிட்டாராம், கரும்பு லோடு ஏத்த வண்டி உள்ள வர முடியல. கலெக்டர் ஆபீஸ்ல திங்கக்கிழமை மூணு தடவ மனு குடுத்தும் ஒண்ணும் நடக்கல, கடைசில ஹைகோர்ட் போயி, தாசில்தார் 12 வாரத்துல முடிவு எடுக்கோணும்னு ஆர்டர் வாங்கிட்டாரு. அஞ்சு மாசம் ஓடிப்போச்சு, "கேஸ் ஜெயிச்சும் வேலி அப்படியேதான் நிக்குது, கோர்ட் அவமதிப்பு வழக்கு போட்டுடலாமா"ன்னு கேக்கறாரு.

அண்ணா, வருத்தப்படாதீங்க, நீங்க இன்னும் ஜெயிக்கலீங்க. ஆர்டரோட கடைசிப் பாராவ எடுத்துப் படிங்க. வழக்கோட தகுதிக்குள்ள, அதாவது யாரு பக்கம் நியாயம்ங்கறதுக்குள்ள போகாம, மனுவ சட்டப்படி பரிசீலிச்சு உத்தரவு போடச் சொல்லியிருக்கும். அதாவது வேலிய எடுன்னு கோர்ட் சொல்லல, மனுவ மூலைல போடாம முடிவு பண்ணுன்னு சொல்லியிருக்குது. ஆனா இது சின்ன விஷயம்னு நெனச்சுப்போடாதீங்க, இத்தன நாள் பதிலே இல்லாத எடத்துல இனி பதில் சொல்லியே ஆகோணும்.

அடுத்து அந்த 12 வாரம் எப்ப இருந்துன்னு பாருங்க. பெரும்பாலும் "ஆர்டர் நகல் கிடைச்ச தேதில இருந்து"ன்னுதான் போட்டிருப்பாங்க. இங்கதான் நம்ம சனங்க ஏமாந்து போறாங்க. எங்கிட்ட ஒரு ஆத்தா வந்தாங்க, மஞ்சப்பைக்குள்ள பாலித்தீன் கவரு, அதுக்குள்ள மடிப்புக் கலையாத ஆர்டர், ஏழு மாசமா பீரோவுல பத்திரமா வெச்சிருந்திருக்காங்க. கோர்ட்டே ஆபீசுக்கு அனுப்பிரும்னு அவுங்களுக்கு யாரோ சொல்லியிருக்காங்க. மனசே கேக்கலீங்க எனக்கு. அதனால சான்றிட்ட நகலு, பழைய மனு, ஒரு கவரிங் லெட்டர் மூணையும் சேத்து நேர்ல குடுத்து சீலு, தேதியோட ஒப்புதல் வாங்குங்க, போயிச் சேந்ததுக்கு அத்தாட்சி கெடைக்கற மாதிரி தபால்லயும் ஒண்ணு அனுப்பிப்போடுங்க. நீங்க ஏற்கனவே குடுத்திருந்தா அந்த ஒப்புதல் தேதில இருந்து வாரத்த எண்ணுங்க. கெடு தாண்டியிருந்தா உங்க வக்கீல் மூலமா ஒரு நோட்டீஸ், அதுக்கும் அசையலீன்னா அவமதிப்பு மனு போடலாம். 1971ம் வருஷ அவமதிப்புச் சட்டத்துல 20வது பிரிவுப்படி அதுக்கு ஒரு வருஷம்தான் டைம், சும்மா அலைஞ்சே அதக் கழிச்சுப்போடாதீங்க.

சரி, தாசில்தார் உத்தரவு போட்டு உங்க மனுவ தள்ளிட்டாருன்னா? அது அவமதிப்பு ஆகாதுங்க. பரிசீலிக்கச் சொன்னாங்க, பரிசீலிச்சுட்டாரு. அந்த உத்தரவ எதுத்து தனியாத்தான் போகோணும். ஆனா "மனு நிராகரிக்கப்படுகிறது"ன்னு ஒத்த வரில முடிச்சிருந்தா அது நிக்காது, காரணம் எழுதியே ஆகோணும். காரணத்த பின்னாடி கோர்ட்ல அபிடவிட் (பிரமாணப் பத்திரம்) போட்டு ஒட்டவும் முடியாது, 1977 டிசம்பர்ல தேர்தல் கமிஷன் சம்பந்தப்பட்ட ஒரு வழக்குல சுப்ரீம் கோர்ட் இத தெளிவாச் சொல்லிருச்சு, உத்தரவுங்கறது நாளாக நாளாக ருசி கூடற பழைய ஒயின் இல்லன்னு நீதிபதி கிருஷ்ணய்யர் அதுல எழுதுனாரு. இன்னொண்ணு, வேலி போட்ட பக்கத்து தோட்டத்துக்காரரையும் கூப்பிட்டு விசாரிச்சுத்தான் முடிவு எடுக்கோணும், அவர விட்டுட்டு உங்களுக்குச் சாதகமா போட்டா அவரு போயி ஈசியா அந்த உத்தரவ ரத்து பண்ணிருவாரு. அதனால அவருக்கும் நோட்டீஸ் போகோணும்னு நீங்களே எழுதிக் குடுங்க.

முக்கியமா, விசாரணைக்கு முன்னாடி புலப்படமும் (சர்வே நம்பரோட அளவு வரைபடம்) அ-பதிவேடு நகலும் (எந்த சர்வே நம்பர் என்ன வகை நெலம்னு சொல்ற கிராமக் கணக்கு) கைல இருக்கட்டும். இட்டேரி தனி சர்வே நம்பர்ல பாதைப் புறம்போக்கா இருந்தா ஆக்கிரமிப்ப எடுக்க ஆபீசருக்கு அதிகாரம் இருக்குது, நீங்க தெம்பா நிக்கலாம். பட்டா நெலத்துக்குள்ளயே போற பாதைன்னா தாசில்தார் "சிவில் கோர்ட்டுக்குப் போங்க"ன்னுதான் பெரும்பாலும் எழுதுவாரு, அப்ப கோபி கோர்ட்லயே பாதை உரிமைக்கு கேஸ் போடற ஏற்பாட்டப் பாருங்க. இது தெரியாம ஹைகோர்ட்டுக்கே திரும்பத் திரும்ப மெட்ராஸ் பஸ் ஏறுனவங்கள நெறைய பாத்திருக்கேன்.

விசாரணை அன்னிக்கு வாயால மட்டும் சொல்லிட்டு வந்தறாதீங்கண்ணா. சொல்றத ரெண்டு பக்கம் எழுதி, கல்லு நட்ட எடத்தோட போட்டோவும் வெச்சு, அதுக்கும் ஒரு ஒப்புதல் கையெழுத்து வாங்கிக்குங்க.