அண்ணனின் ஆட்டத்தை அழிக்கலாமா?

கையடக்க விளையாட்டுக் கருவிகள் குறித்து வாசகர்கள் அனுப்பும் கேள்விகளுக்கு இப்பகுதியில் பதில் அளித்து வருகிறோம். இம்முறை காவிரிப் படுகை மாவட்டங்களிலிருந்து வந்த கடிதங்களில் பல, சேமித்து வைத்த ஆட்டத்தை அழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்குவது பற்றியே இருந்ததால், அவற்றை மட்டும் தொகுத்து எடுத்துக்கொண்டோம்.

கேள்வி: என் அண்ணன் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போனபோது, தன்னுடைய கேம்பாய் அட்வான்ஸ் எஸ்பி கருவியையும் போக்கிமான் ஃபயர்ரெட் கேசட்டையும் என்னிடம் விட்டுச் சென்றார். அதில் அவர் ஆடிய ஆட்டம் ஏறக்குறைய முடிந்த நிலையில் இருக்கிறது. தொடக்கத்தில் தரப்படும் போக்கிமான் உயிர்களில் அவர் சார்மண்டரைத் தேர்ந்தெடுத்திருக்கிறார். எனக்கோ ஸ்குவர்டிலைக் கொண்டு முதலிலிருந்து ஆட வேண்டும் என்று ஆசை. மெனு முழுவதும் தேடிப் பார்த்தும் அழிப்பதற்கான வழி எதுவும் கண்ணில் படவில்லை. எப்படி அழிப்பது?
(கல்லூரி மாணவர், சுவாமிமலை)

பதில்: உங்கள் கண்ணில் படாததற்குக் காரணம், அது கண்ணில் படக்கூடாது என்றே மறைத்து வைக்கப்பட்டிருக்கிறது என்பதுதான். கருவியை இயக்கி, தொடக்கக் காட்சிகள் முடிந்து, ஆட்டத்தின் பெயர் பெரிய எழுத்தில் தோன்றும் திரைக்கு வாருங்கள். அங்கே ஸ்டார்ட் பட்டனை அழுத்தாமல், திசைப் பட்டனின் மேல்பக்கம், செலக்ட், பி ஆகிய மூன்றையும் ஒரே நேரத்தில் அழுத்துங்கள். சேமிப்பை அழிக்கலாமா என்று ஆட்டம் கேட்கும். ஆம் என்றால் அழிந்துவிடும். 1990களின் கேம்பாய் கேசட்டுகள் தொடங்கி நின்டென்டோ டிஎஸ் கருவி வரையில், போக்கிமான் வரிசையின் முதன்மை ஆட்டங்களில் இந்த மூன்று பட்டன்களே அழிப்பதற்கான வழியாக இருந்தன. சட்டைப் பையில் கிடக்கும் கருவியில் தற்செயலாக இம்மூன்றும் ஒருசேர அழுந்துவது அரிது. தெரிந்து செய்பவருக்கு மட்டுமே அது கைகூட வேண்டும் என்பது வடிவமைத்தவர்களின் எண்ணமாக இருந்திருக்கும்.

இவ்வளவு காவல் எதற்கு என்று கேட்பீர்கள். ஒரு கேசட்டில் ஒரே ஓர் ஆட்டத்தைத்தான் சேமிக்க முடியும். அக்காலத்துக் கேம்பாய் ஆட்டங்களில் மூன்று பேர் தனித்தனியே சேமித்துக்கொள்ள இடம் தந்தவையும் உண்டு. போக்கிமானில் அது இல்லை. 1996ஆம் ஆண்டு ஜப்பானில் வெளிவந்த முதல் போக்கிமான் கேசட்டுகளில் சேமிப்புக்கென இருந்த இடம் 32 கிலோபைட் மட்டுமே. ஆட்டத்தில் பிடித்த போக்கிமான்களை வைப்பதற்கு 8 பெட்டிகள், பெட்டிக்கு 30 என்று 240 உயிர்களின் விவரங்களை அதற்குள் அடக்க வேண்டியிருந்தபோது, இரண்டாவது ஆளுக்கு இடம் கிடைத்திருக்காது. பிற்காலத்தில் நினைவகம் பெருகிய பிறகும் அந்த வழக்கம் மாறவில்லை. ஆகவே நீங்கள் தொடங்க வேண்டுமானால் உங்கள் அண்ணன் போக வேண்டும். இரண்டும் ஒரு கேசட்டில் குடியிருக்க முடியாது.

ஆனால் உங்கள் கேள்வியில் நீங்கள் கேட்காத ஒன்று இருக்கிறது: அண்ணனிடம் சொன்னீர்களா? கருவியைக் கொடுத்துவிட்டுப் போனவர், அதற்குள் இருக்கும் ஆட்டத்தையும் சேர்த்துத்தான் கொடுத்தார் என்று நீங்களாக முடிவு செய்ய வேண்டாம். கன்டினியூ என்று காட்டும் முதல் திரையிலேயே ஆடியவர் பெயர், ஆடிய நேரம், கண்டறிந்த போக்கிமான்களின் எண்ணிக்கை, வென்ற பேட்ஜுகள் ஆகியவை இருக்கும். அந்தத் திரையைக் கைப்பேசியில் படம் எடுத்து, வாட்ஸ்அப்பில் அவருக்கு அனுப்பிவைத்துக் கேளுங்கள். ‘அழித்துக்கொள்’ என்று உடனே பதில் வரலாம். ‘கொஞ்சம் பொறு, என் சாரிசார்டை (சார்மண்டர் வளர்ந்த வடிவம்) ஒரு படம் எடுத்து அனுப்பு’ என்றும் வரலாம். எனக்குத் தெரிந்தவரை இரண்டாவது வகைப் பதில்தான் மிகுதி.

அவர் தயங்கினால் வழிகள் இல்லாமல் இல்லை. கேம்பாய் கேசட்டுகளைப் படித்து, சேமிப்பைக் கணினியில் ஒரு கோப்பாக நகல் எடுத்துத் தரும் சிறு யுஎஸ்பி கருவிகள் விற்பனையில் உள்ளன. நகல் எடுத்துவிட்டால், பின்னொரு நாள் அதையே கேசட்டில் திரும்ப எழுதி அண்ணனின் ஆட்டத்தை மீட்டுவிடலாம். இதுவே நான் முதலில் பரிந்துரைக்கும் வழி. மற்றொன்று, போக்கிமான்களை மட்டும் குடிமாற்றுவது: இன்னொரு கருவியும் இன்னொரு கேசட்டும் இணைப்பு வடமும் கிடைத்தால் பண்டமாற்று செய்துகொள்ளலாம், அல்லது கேம்பாய் அட்வான்ஸ் கேசட்டுக்கும் இடமுள்ள பழைய டிஎஸ், டிஎஸ் லைட் ஆகியவற்றில் டைமண்ட், பேர்ல் போன்ற போக்கிமான் ஆட்டங்களின் பால் பார்க் என்ற பகுதி வழியாக, ஒரு தடவைக்கு ஆறு என்ற கணக்கில் அனுப்பலாம். பால் பார்க் வழியாகப் போனவை திரும்பி வருவதில்லை. கடைமடையில் பாய்ந்த தண்ணீர் மேட்டூருக்குத் திரும்பாததைப் போல. அந்த வழியும் டைமண்ட், பேர்ல் போன்ற அந்த ஆட்டத்தை ஓரளவு முடித்தவர்களுக்கே திறக்கும் என்பதால், உங்களுக்கு இப்போதைக்குப் பயன்படாது.

கடைசியாக, ஃபயர்ரெட்டுக்குப் பொருந்தும் ஒரு சலுகை. நியூ கேம் என்பதைத் தேர்ந்தெடுத்த உடனே பழைய சேமிப்பு அழிந்துவிடாது. நீங்கள் ஸ்குவர்டிலோடு புறப்பட்டு, முதல் இரண்டு ஊர்களைச் சுற்றிப் பார்த்து, சேமிக்காமலேயே கருவியை அணைத்துவிட்டால், மறுபடி இயக்கும்போது அண்ணனின் ஆட்டம் வைத்தது வைத்தபடி இருக்கும். சேமிக்க முனையும்போதுதான், வேறோர் ஆட்டம் ஏற்கெனவே இருக்கிறது, அது முழுவதும் போய்விடும் என்று எச்சரிக்கை வரும். எஸ்பி கருவியின் மின்கலம் புதிதாக இருந்தபோது, விளக்கு எரியும் நிலையில் ஏறத்தாழ 10 மணி நேரம் தாங்கும். பழையது அவ்வளவு தாங்காது என்றாலும், அண்ணனின் பதில் வரும் வரை ஒரு பிற்பகலை இப்படிக் கழிக்கலாம்.

கேள்வி: என் மகன் டிஎஸ் கருவியில் போக்கிமான் பேர்ல் ஆடுகிறான். பழைய ஆட்டம் சலித்துப்போய் நியூ கேம் தொடங்கி, மூன்று மணி நேரம் ஆடிய பிறகு சேமிக்கப் போனால், முடியாது என்கிறது. கருவி பழுதாகிவிட்டதா?
(ஒரு தாய், மன்னார்குடி)

பதில்: பழுது இல்லை. டிஎஸ் காலத்தில் விதியை மாற்றிவிட்டார்கள். புதிய ஆட்டத்தைத் தொடங்க விடும். ஆனால் பழையதன் மீது எழுத விடாது. முதலில் பெயர்த் திரையில் மேல், செலக்ட், பி அழுத்திப் பழையதை அழித்தாக வேண்டும். இதைத் தொடக்கத்திலேயே கண்டிப்பாகச் சொல்லித் தடுக்காமல் ஒரு குழந்தையை மூன்று மணி நேரம் ஆட விட்டது வடிவமைப்பில் உள்ள குறையே என்பது என் கருத்து. அந்த மூன்று மணி நேரத்தைக் காப்பாற்ற வழியில்லை என்று பையனிடம் நீங்களே பக்குவமாகச் சொல்லிவிடுங்கள். பின்னால் 3டிஎஸ் கருவி வாங்க நேர்ந்தால், அதில் செலக்ட்டுக்குப் பதிலாக எக்ஸ் பட்டன்: மேல், எக்ஸ், பி.

கேள்வி: பல ஆண்டுகள் பெட்டியில் கிடந்த போக்கிமான் கோல்டு கேசட்டை எடுத்துப் போட்டேன். ஆட்டம் வருகிறது, கன்டினியூ வரவில்லை. யாரும் அழிக்கவில்லை. உள்ளே இருக்கும் செல்லை மாற்றினால் பழைய ஆட்டம் திரும்புமா?
(ஓர் அரசு ஊழியர், நாகப்பட்டினம்)

பதில்: செல்லை மாற்றத் துணிவதற்கு முன் கேசட்டின் தங்க நிறத் தகடுகளைப் பாருங்கள். கடற்கரை ஊரின் உப்புக் காற்றில் அவை மங்கிப்போயிருக்கும். தொடர்பு சரியாக இல்லாதபோது, இருக்கும் சேமிப்பும் இல்லாததுபோல் தோன்றுவதுண்டு. ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் பஞ்சுக் குச்சியை நனைத்துத் துடைத்து, நன்கு காய்ந்த பின் போட்டுப் பாருங்கள். சிறு வயதில் நாம் எல்லோரும் செய்ததுபோல் வாயால் ஊத வேண்டாம். எச்சிலின் ஈரம் தகடுகளை மேலும் அரிக்கும்.

துடைத்த பிறகும் வரவில்லையென்றால் செல் தீர்ந்துவிட்டது என்றே கொள்ள வேண்டும். கோல்டு, சில்வர் ஆட்டங்களின் சேமிப்பு, மின்சாரம் இருக்கும் வரையில் மட்டுமே நிற்கும் வகை நினைவகத்தில் இருக்கிறது. அதற்கு உயிர் கொடுப்பது சிஆர்2025 என்ற பட்டன் செல். அதே செல்தான் ஆட்டத்துக்குள் ஓடும் கடிகாரத்தையும், நாம் ஆடாத நாட்களிலும்கூட, ஓட்டிக்கொண்டிருக்கிறது. இதனாலேயே, கடிகாரம் இல்லாத முந்தைய ரெட், ப்ளூ கேசட்டுகளைவிடக் கோல்டு கேசட்டுகளின் செல் விரைவில் தீர்ந்துபோகிறது. புதிய செல் பழைய ஆட்டத்தைத் திருப்பித் தராது. இனி ஆடப்போவதை மட்டுமே காக்கும். அந்தச் செல் ஈயப்பற்று வைக்கப்பட்டது என்பதால், சர்க்யூட் வேலையில் கைதேர்ந்த ஒருவரிடம், தகட்டுக் கால்கள் பொருத்தப்பட்ட செல்லை வாங்கிக் கொடுத்து மாற்றச் சொல்லுங்கள்.

சிலர் இதே அச்சத்தோடு ரூபி, சஃபையர், எமரால்டு கேசட்டுகளைத் திறக்கிறார்கள். அவற்றில் செல் தீர்ந்துவிட்டது என்று செய்தி வந்தாலும் சேமிப்புக்கு ஆபத்தில்லை. அங்கே செல் கடிகாரத்துக்கு மட்டும். ஆட்டம் மின்சாரம் இல்லாமலும் நிலைத்திருக்கும் ஃபிளாஷ் நினைவகத்தில் இருக்கிறது. மேலே சுவாமிமலை மாணவர் வைத்திருக்கும் ஃபயர்ரெட்டில் செல்லே கிடையாது.

கேள்வி: ஆடிப்பெருக்குக்கு வந்திருந்த என் நாத்தனார் மகன், என் மகளுடைய எமரால்டு கேசட்டில் நியூ கேம் தொடங்கிச் சேமித்துவிட்டான். இரண்டு நாட்கள் இங்கேயே இருந்து ஆடிவிட்டுப் போனான். அந்தக் கேசட் எப்போதும் இரண்டு பிரதிகளை வைத்திருக்கும், பழையதை எடுத்துவிடலாம் என்று உறவினர் ஒருவர் சொல்கிறார். உண்மையா? மகள் அவனோடு பேசுவதை நிறுத்திவிட்டாள்.
(ஓர் இல்லத்தரசி, திருவையாறு)

பதில்: உறவினர் சொன்னதில் பாதி உண்மை. 128 கிலோபைட் நினைவகத்தில் ஆட்டம் இரண்டு இடங்களில் மாறி மாறி எழுதப்படுகிறது. சேமித்துக்கொண்டிருக்கும்போதே கருவி அணைந்து அந்தப் பிரதி சிதைந்துவிட்டால், அதற்கு முந்தைய பிரதியை எடுத்துக்கொள்வதற்காகச் செய்யப்பட்ட ஏற்பாடு அது. மனம் மாறுபவர்களுக்காகச் செய்யப்பட்டது அன்று. இரண்டு நாட்களில் அந்தப் பையன் பல முறை சேமித்திருப்பான். ஆகவே இப்போது இரண்டு இடங்களிலும் இருப்பது அவனுடைய ஆட்டமே. உங்கள் மகளுடையது போய்விட்டது.

அவள் எப்போதாவது தன் போக்கிமான்களை வேறு ஒருவரோடு பண்டமாற்று செய்திருந்தால், அவை அந்த நண்பரின் கேசட்டில் அவள் பெயரோடும் அடையாள எண்ணோடும் இன்னும் இருக்கும். கேட்டுப் பாருங்கள். பிடித்தவரின் பெயர் அழியாமல் கூடவே போகும் அந்த ஏற்பாட்டினால், தொலைந்ததில் ஒன்றிரண்டாவது திரும்பி வரக்கூடும். பையனைப் பற்றி ஒரு சொல்: எச்சரிக்கை ஆங்கிலத்தில், நீண்ட வாக்கியங்களாக வருகிறது. அவசரத்தில் இருக்கும் சிறுவன் அதைப் படித்து முடிப்பான் என்று எதிர்பார்ப்பது கடினம். அடுத்த ஆடிப்பெருக்குக்கு விருந்தினர் வருமுன் கேசட்டைப் பீரோவில் வைத்துவிடலாம்.

கேள்வி: வீட்டில் ஒரே ஸ்விட்ச் கருவி, இரண்டு பெண்கள். மூத்தவள் போக்கிமான் வயலட்டைப் பாதி வரை ஆடியிருக்கிறாள். இளையவள் முதலிலிருந்து ஆட வேண்டும் என்கிறாள். மூத்தவளுடையதை அழித்துத்தான் ஆக வேண்டுமா?
(ஒரு தந்தை, மயிலாடுதுறை)

பதில்: தேவையே இல்லை. ஸ்விட்ச்சில் சேமிப்பு கேசட்டில் இல்லை. கருவியில், பயனர்வாரியாக இருக்கிறது. சிஸ்டம் செட்டிங்ஸில் இளையவள் பெயரில் புதிய பயனர் ஒன்றை உருவாக்கிக் கொடுங்கள். எட்டுப் பயனர்கள் வரை வைத்துக்கொள்ளலாம். ஆட்டத்தைத் திறக்கும்போது தன் படத்தைத் தேர்ந்தெடுத்தால் அவளுக்குத் தனி ஆட்டம் தொடங்கும். உண்மையிலேயே அழிக்க வேண்டிய நாள் வந்தால், அதே செட்டிங்ஸில் டேட்டா மேனேஜ்மென்ட் என்ற பகுதிக்குள் சென்று, ஆட்டத்தையும் பயனரையும் பார்த்துத் தேர்ந்தெடுத்து அழிக்க வேண்டும். இங்கே மூன்று பட்டன் வித்தை செல்லாது. வயலட்டின் சேமிப்பு நின்டென்டோவின் இணையக் காப்பகத்தில் ஏறுவதில்லை என்பதால், தவறான பெயரைத் தொட்டுவிட்டால் அங்கிருந்தும் மீட்க முடியாது.

இதே கருவியில் அனிமல் கிராசிங் நியூ ஹொரைசன்ஸ் ஆட்டமும் இருக்குமானால் கணக்கு வேறு. அதில் எத்தனை பயனர்கள் இருந்தாலும் கருவிக்கு ஒரே ஒரு தீவுதான். இளையவள் அதே தீவில் குடியேறி வீடு கட்டிக்கொள்ளலாம். தனக்கென்று புதிய தீவு வேண்டும் என்றால் அக்காவின் தீவு முழுவதும் அழிந்தாக வேண்டும், இல்லையேல் இன்னொரு கருவி வாங்க வேண்டும்.