கல்லூரி அணியில் கால்பந்து ஆடியவர் பள்ளியில் ஆசிரியராகவும் பயிற்சியாளராகவும் ஆனால் வாழ்க்கை எப்படி இருக்கும்?

நீங்கள் இப்போது கல்லூரி அணியில் ஆடுபவர், உடற்கல்வி ஆசிரியராவதற்கான பி.பி.எட். படிப்பில் சேரலாமா என்று யோசிப்பவர் என்று எடுத்துக்கொண்டு எழுதுகிறேன். நான் 16 ஆண்டுகளாக உடற்கல்வி ஆசிரியர். அதற்கு முன் பல்கலைக்கழக அணியில் தடுப்பாட்டக்காரன். பழம்பெருமை பேச வந்துவிட்டான் என்று யாரும் எண்ண வேண்டாம். சொல்லப்போவது பெருமைக்குரிய கதை அன்று.

வேலைக்குச் சேர்ந்த ஆண்டில், 14 வயதுக்குட்பட்டோர் அணியைக் குறுவட்டப் போட்டிக்குத் தயார் செய்தேன். கல்லூரியில் நாங்கள் வைத்த ஆஃப்சைடு பொறியை, அதாவது எதிரணியினர் பந்தை அனுப்புவதற்குச் சற்று முன் தடுப்பாட்டக்காரர் நால்வரும் ஒருசேர முன்னேறி, அவர்களுடைய முன்கள வீரனைத் தமக்குப் பின்னால் விட்டு, ஆஃப்சைடு என்ற விதிமீறலில் சிக்கவைக்கும் உத்தியை, எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு மூன்று வாரம் சொல்லிக்கொடுத்தேன். நான் "ஏறு" என்று கத்தினால் நால்வரும் கையைத் தூக்கிக்கொண்டு ஏறுவார்கள். பார்க்க அழகாகத்தான் இருந்தது. போட்டியன்று ஆஃப்சைடைக் கவனித்துச் சொல்ல வேண்டிய துணை நடுவராகக் கோட்டோரத்தில் கொடிக்குப் பதிலாகக் கைக்குட்டையுடன் நின்றவர் வேறொரு பள்ளியின் உடற்கல்வி ஆசிரியர். அவருடைய கண்ணெல்லாம் அடுத்த ஆட்டத்தின் வீரர் பட்டியலில் இருந்தது. எங்கள் பிள்ளைகள் கையைத் தூக்கியபடி நடுவரைப் பார்த்து நிற்க, எதிரணிச் சிறுவன் தனியே ஓடிப்போய் கோல் அடித்தான். இதேபோல் மூன்று கோல்கள்.

துரத்தி ஓடாமல் நின்றுவிட்ட ஒரு சிறுவனை இடைவேளையில் எல்லோர் முன்னிலையிலும் திட்டினேன். "நீங்கதான சார் நிக்கச் சொன்னீங்க" என்றான். மறுநாளிலிருந்து அவன் மைதானத்துக்கு வரவில்லை, நானும் அழைக்கவில்லை. அப்போது அதைக் கண்டிப்பு என்று நினைத்திருந்தேன்.

கல்லூரியில் அந்தப் பொறி பலித்ததற்கு எங்கள் திறமை மட்டும் காரணம் அன்று, இரு பக்கமும் ஓடி ஓடிக் கொடி உயர்த்திய துணை நடுவர்களும் காரணம் என்பது அதுவரை எனக்கு உறைக்கவே இல்லை. பின்னர் அனைத்திந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பின் டி லைசென்ஸ் என்ற தொடக்கநிலைப் பயிற்சியாளர் பயிற்சிக்குப் போனேன். இப்போது அந்த வயதினருக்குச் சிறிய ஆடுகளத்தில், பெரியவர்கள் ஆடுவதைவிடச் சிறிய 4ஆம் எண் பந்தில், நான்குக்கு நான்கு பேராக ஆட்டம் வைக்கிறேன். பந்து காலுக்கு வருமுன் தோளுக்கு மேலாகத் திரும்பிப் பார்க்கும் பழக்கம் ஒன்றுக்கே ஒரு பருவம் போய்விடுகிறது. பல்கலைக்கழக அணியில் ஆடியவன் இவ்வளவுதான் சொல்லித்தருகிறானா என்று ஒரு பெற்றோர் கேட்டார். இவ்வளவுதான்.

ஆசிரியர் என்ற பக்கத்தைக் கேட்டால், காலை வழிபாட்டு வரிசை, சீருடைச் சோதனை, ஆண்டு விழாப் பந்தல் எல்லாம் உங்கள் தலையில்தான் விழும். தேர்வு நெருங்கினால் பி.இ.டி. பீரியட் கணக்குப் பாடமாகிவிடும். கணக்கு ஆசிரியர்கள் மீது எனக்குக் கோபமில்லை. ஆனால் அவர்களுடைய பீரியடை ஒருநாளும் யாரும் எனக்குத் தந்ததில்லை.

என் காலத்தில் ஓராண்டாக இருந்த பி.பி.எட். இப்போது இரண்டாண்டுப் படிப்பு. பல்கலைக்கழகங்களுக்கிடையிலான போட்டியில் ஆடியிருந்தால், விளையாட்டு ஒதுக்கீட்டுக்கு உதவும் படிவம் 3 சான்றிதழைக் கையெழுத்தும் முத்திரையுமாகப் படிக்கும்போதே வாங்கிவிடுங்கள். நான் நான்கு ஆண்டுகள் கழித்துக் கேட்கப் போனபோது, என் பெயர் இருந்த பதிவேட்டைக் கரையான் அரித்துவிட்டது என்றார்கள்.