கரன்ட் போனது, செட்டிங்ஸும் போனது!

கேள்வி: பைத்தானில் எழுதிய என்னுடைய மூன்று புரோகிராம்களும் செட்டிங்ஸை ஆளுக்கொரு ஐ.என்.ஐ. ஃபைலில் ('பெயர் = மதிப்பு' என்று வரி வரியாக இருக்கும் டெக்ஸ்ட் ஃபைல்) வைத்திருக்கின்றன. படிக்கவும் எழுதவும் நானே பத்துப் பதினைந்து வரி எழுதி, மூன்றிலும் ஒட்டியிருக்கிறேன். போன வாரம் கரன்ட் போய் வந்ததும் ஒரு ஃபைல் வெறுமையாகக் கிடந்தது. இந்த வகை ஃபைல்களைப் படிக்கவும் எழுதவும் பைத்தானோடு வரும் கான்ஃபிக்பார்சர் (configparser) லைப்ரரியைப் பயன்படுத்தியிருந்தால் தப்பித்திருப்பேனா?

பதில்: தப்பித்திருக்க மாட்டீர்கள்! எழுதுவதற்காக ஃபைலைத் திறந்த கணமே பழைய சரக்கு காலி. புதியது டிஸ்க்கில் போய்ச் சேருமுன் கரன்ட் போனால் மிஞ்சுவது பூஜ்ய பைட். ஃபைலைத் திறந்து லைப்ரரியிடம் கொடுப்பது நீங்கள்தானே, அது என்ன செய்யும்? பக்கத்திலேயே ஒரு தற்காலிக ஃபைலில் முழுவதையும் எழுதி, எழுதியதை டிஸ்க்குக்கே தள்ளும் ஃப்ளஷ் (flush), எஃப்சிங்க் (os.fsync) இரண்டும் செய்து மூடிவிட்டு, ஓ.எஸ். ரீப்ளேஸ் (os.replace) கொண்டு பழைய பெயருக்கு மாற்றுங்கள். எந்த நொடியில் கரன்ட் போனாலும் பழையதோ புதியதோ ஒன்று முழுசாக இருக்கும். நானும் இதை ஒரு ஃபைலைத் தொலைத்த பிறகுதான் கற்றுக்கொண்டேன்.

அதற்காக லைப்ரரி வேண்டாம் என்று சொல்லவில்லை. சமக்குறி கண்ட இடத்திலெல்லாம் வெட்டும் உங்கள் வரிகள், பாஸ்வேர்டுக்குள்ளேயே ஒரு சமக்குறி வரும் நாளில் விழிக்கும். கான்ஃபிக்பார்சர் விழிக்காது. ஆனால் அதற்கும் சில குணங்கள் உண்டு. எதைக் கேட்டாலும் எழுத்துச் சரமாகவே தரும். 'ஃபால்ஸ்' என்று எழுதியிருப்பதை அப்படியே இஃப் (if) நிபந்தனையில் வைத்தால் உண்மை என்றாகிவிடும், காலியில்லாத சரம் அல்லவா! உண்மையா பொய்யா என்று மாற்றித் தரும் கெட்பூலியன் (getboolean) கொண்டு கேளுங்கள். மதிப்பில் சதவீதக் குறி வந்தால் அதை வேறு மதிப்பைச் செருகும் இடமாக நினைத்து அடம்பிடிக்கும். இந்தச் செருகல் வேலைக்குப் பெயர் இன்டர்போலேஷன்; interpolation=None என்று வைத்து அதை நிறுத்திவிடுங்கள். திரும்ப எழுதும்போது நீங்கள் போட்ட கமென்ட்டுகளைத் தின்றுவிடுவதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

ஐ.என்.ஐ. போலவே செட்டிங்ஸ் எழுதும் இன்னொரு வடிவமான டாமல் (TOML) பக்கம் போகலாமா என்றால், பைத்தான் 3.11-லிருந்து கூடவே வரும் டாம்லிப் (tomllib) லைப்ரரி படிக்க மட்டும்தான். உங்களுக்கு எழுதவும் வேண்டும்.

ஆகவே, கான்ஃபிக்பார்சருக்கு மேல் சின்னதாக ஒரு மாடியூல் (மற்ற புரோகிராம்கள் எடுத்துப் பயன்படுத்தும் தனி பைத்தான் ஃபைல்) எழுதுங்கள். ஃபைல் இருக்கும் இடம், டிஃபால்ட் மதிப்புகள், மேலே சொன்ன பத்திரமான எழுத்து மூன்றும் அதற்குள் இருக்கட்டும். மூன்று புரோகிராம்களும் அதையே இம்போர்ட் செய்யட்டும். ஒன்று கவனம்: ஃபைல் இல்லாவிட்டாலும் கான்ஃபிக்பார்சரின் ரீட் (read) முணுமுணுக்காமல் தாண்டிப்போய்விடும். படித்த ஃபைல்களின் பட்டியலைத் திருப்பித் தருகிறது, அதைப் பாருங்கள். ஃபைல் இருந்தும் உள்ளே தலைப்பிட்ட பகுதி, அதாவது ஒரு செக்‌ஷன்கூட இல்லையென்றால், டிஃபால்ட்டை எழுதி மூடிவிடாமல் உடனே எச்சரிக்கை காட்டச் சொல்லுங்கள்.